சூன் வாத்தியாரின் முகம் தேடித் திருப்பூருக்கு

திருப்பூரில் இறங்கிய மறுநாள் காலையிலேயே எனக்கு வேலை கிடைத்துவிட்டது. கேட்காமலே. பினாங்கு அரசாங்க ஆஸ்பத்திரியில் தாதியாக நின்று நின்று, காலில் நரம்பு சுருட்டிக்கொண்டு ஓய்வு வாங்கிய அறுபத்திரண்டு வயதுக்காரிக்கு பனியன் தைக்கிற ஓவர்லாக் மெஷினில் வேலை!

நடந்தது இதுதான். நான் அருள்புரம் போக வேண்டும். லாட்ஜ் வாசலில் நின்றேன். முன்கண்ணாடியில் முருகன் படமும் மல்லிகைச் சரமுமாக ஒரு பஸ் வந்து நின்றது. உள்ளே முழுக்கப் பெண்கள். என்னோடு நின்ற பெண்களும் ஏறினார்கள், நானும் ஏறினேன். டிக்கெட் கேட்க ஆள் வரவில்லை. இந்த ஊரில் பெண்களுக்கு டவுன் பஸ் இலவசம் என்று சொன்னார்களே, அடடா, எங்கள் ஊரில் இப்படி உண்டா என்று ஜன்னலோரம் சாய்ந்துகொண்டேன்.

எனக்கு முன்னால் வடக்கத்திப் பெண்கள் இரண்டு பேர். படம் பார்த்துக் கற்ற ஹிந்தி எனக்குக் கொஞ்சம் உண்டு. ஒருத்தி மற்றவளிடம், "இந்தக் கிழவியையுமா வேலைக்கு எடுத்திருக்காங்க?" என்றாள். "ஆளே கிடைக்கலையாம். யாரு வந்தாலும் எடுத்துக்கறாங்க," என்றாள் மற்றவள். அப்போதாவது எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை.

பஸ் பெருமாநல்லூரில் ஒரு கம்பெனி கேட்டுக்குள் போய் நின்றது. நான் போக வேண்டியது தெற்கே, வந்து சேர்ந்தது வடக்கே. கழுத்தில் அட்டை தொங்கிய சூப்பர்வைசர் ஒருவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"ஏனுங்கம்மா, புதுசுங்களா? ஓவர்லாக் வருங்களா? வராட்டிப் போகுதுங்க, செக்கிங்ல உக்காந்துக்கலாமுங்க."

"நான் பினாங்குல இருந்து வரேன்."

"எந்த ஊரா இருந்தா என்னங்க. ஹாஸ்டல் இருக்குது, தங்கிக்குங்க."

சிரிப்பு வந்தது. அந்தப் பயணத்தில் நான் சிரித்தது அந்த ஒரு தடவைதான். விஷயம் புரிந்ததும் அவரே பாவப்பட்டு, பனியன் வெட்டுத்துணி மூட்டை ஏற்றிக்கொண்டு பல்லடம் ரோட்டுக்குப் போகும் டெம்போவில் என்னை ஏற்றிவிட்டார். டிரைவர் வழியெல்லாம் பருத்தி விலையைப் பற்றிப் புலம்பினார். நான் மடியில் கைப்பையை இறுக்கிப் பிடித்தபடி சியூ லான் அக்காவை நினைத்துக்கொண்டிருந்தேன்.

சியூ லான் அக்கா எனக்கு அடுத்த வீடு. சீனக்காரி. எண்பத்தைந்தைத் தாண்டிவிட்டாள். என் அம்மா ரப்பர்த் தோட்டத்தை விட்டு டவுனுக்கு வந்தபோது முதல் வேலை கொடுத்தது அவள் காபிக் கடையில்தான். அந்த அக்காவுக்குத் தன் அப்பா முகம் தெரியாது. வீட்டில் ஒரு போட்டோகூடக் கிடையாது. ஜப்பான்காரன் பினாங்குக்கு வந்தபோது, சினிமாக்காரன் வீடு என்று தெரிந்தால் வம்பு என்று அவள் அம்மா இருந்த படத்தையெல்லாம் அடுப்பில் போட்டுவிட்டாள். அப்போது அக்காவுக்கு மூணு வயசு.

இப்போது கண் நரம்பு காய்ந்துகொண்டே வருகிறது. வெளிச்சம் தெரியும், நிழல் தெரியும், பெரிய உருவம் என்றால் கொஞ்சம் பிடிபடும். அதுவும் ரொம்ப நாள் நிற்காது என்று டாக்டர் என்னிடம் மறைக்காமல் சொல்லிவிட்டார். "அதுக்குள்ளே எங்கப்பாவைச் சுவத்து அளவுக்குப் பெரிசாப் போட்டுக் காட்டிடு, மரகதம். ஒரு தடவை போதும்," என்றாள் அக்கா. வாழ்க்கையில் அவள் என்னிடம் கேட்ட ஒரே காரியம்.

அவள் அப்பா பெயர் ஆ சூன். அம்மா சொல்லிச் சொல்லி அக்காவுக்கு அவர் கதை மனப்பாடம், அக்கா சொல்லிச் சொல்லி எனக்கும். பையனாக ஷாங்காய் போய் நாடகக் கொட்டகையில் திரைக்குச் சாயம் பூசினார். சீனாவில் அப்போதுதான் படம் பிடிக்க ஆரம்பித்திருந்தார்கள். பெண்கள் கேமரா முன்னால் வர மாட்டார்கள். இவருக்கு ஒல்லி உடம்பு, சின்ன வாய். பெண் வேஷம் கட்டிவிட்டார்கள். காதலியாகச் செத்தார், மாமியாராகக் கொடுமை பண்ணினார். பேசாத படத்தில் நடுநடுவே எழுத்துக் காட்ட வேண்டுமே, தூரிகை பிடிக்கத் தெரிந்த கை என்று அதையும் எழுத வைத்தார்கள். கேமராக்காரன் குடித்துவிட்டு வராத நாளில் கேமராக் கைப்பிடியைச் சுற்றினார். ஒட்டுமுடி செய்தார், கத்திச்சண்டை சொல்லிக்கொடுத்தார், ஓட்டை விழுந்த வேஷத்துணியை உட்கார்ந்து தைத்தார். கடைசியில் டைரக்டரும் ஆனார்.

பிறகு படம் பேச ஆரம்பித்தது. முதலாளிகள் வடக்கத்திச் சீனம் கேட்டார்கள். இவர் வாயைத் திறந்தால் தெற்கத்திச் சீனமான ஹொக்கியன்தான் வரும். எத்தனை வித்தை தெரிந்து என்ன? அதோடு கிழிந்தது பிழைப்பு. தான் எடுத்த கடைசிப் பேசாத படத்தை ஒரு தகரப் பெட்டியில் போட்டுக்கொண்டு கப்பலேறிப் பினாங்கு வந்தார். இங்கே தியேட்டர்களுக்குப் போர்டு எழுதினார். ஓய்ந்த நாளில் தோட்டம் தோட்டமாகப் போய் அந்தப் படத்தை ஓட்டி, திரைக்குப் பக்கத்தில் நின்று எல்லா வேஷத்துக்கும் தானே குரல் கொடுத்தார். படம் காட்டும் மெஷினை ஓட்டியது திருப்பூர்ப் பக்கத்து ஆள், பழனிச்சாமி. தோட்டத்துத் தமிழர்களுக்கு அவர்தான் தமிழில் கதை சொல்வார். அவர்கள்தான் ஆ சூனுக்குச் சூன் வாத்தியார் என்று பேர் வைத்தது.

ஜப்பான்காரன் சீன ஆம்பிளைகளைத் தேடிப் பிடித்த நாட்களில், வாத்தியார் வீட்டுக்குள்ளேயே கிழவி வேஷம் போட்டுக்கொண்டார். சிப்பாய்கள் வந்து பார்த்தபோதெல்லாம் அடுப்படியில் ஒரு கிழவி வெங்காயம் உரித்துக்கொண்டிருப்பாள். திரும்பிக்கூடப் பார்க்காமல் போய்விடுவார்கள். ஒருநாள், ஆம்பிளைகள் எல்லோரும் மைதானத்துக்கு வர வேண்டும், ஒளித்துவைத்தால் குடும்பத்தையே தொலைத்துவிடுவோம் என்று உத்தரவு போட்டார்கள். வாத்தியார் முகத்தைக் கழுவிக்கொண்டு போனார். லாரியில் ஏற்றினார்கள். அவ்வளவுதான். "அத்தனை வேஷம் போட்ட மனுஷன், சாகப் போற அன்னைக்குத்தான் சொந்த முகத்தோட போனாரு," என்று அக்காவின் அம்மா கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தாளாம்.

பெட்டி பழனிச்சாமியிடம் இருந்தது. சண்டை முடிந்து அவர் ஊருக்குக் கப்பலேறியபோது, "இங்கே ஊரு இன்னும் அடங்கலை. நான் பத்திரமா வச்சிருக்கேன், கேட்டப்போ குடுக்கறேன்," என்று எடுத்துப் போனார். கேட்க யாருக்கு வசதி இருந்தது? போன மாசம் என் அண்ணன் மகள் இந்தக் கதையை பேஸ்புக்கில் போட்டாள். அருள்புரத்திலிருந்து சண்முகம் என்கிறவர் பதில் போட்டார். "பழனிச்சாமி எங்க அப்புச்சிதாங்க, அம்மாவப் பெத்தவரு. பெட்டி எங்க அட்டாலிப் பரண்ல இருக்குதுங்க. ஃபிலிமும் உள்ள இருக்குது." கூடவே ஒரு போட்டோ. தகர மூடியில் சீன எழுத்து. அந்த எழுத்தைப் பக்கத்துக் கடைக்காரர் படித்து, ஆ சூன் என்று சொன்னதும் சியூ லான் அக்கா என் கையைப் பிடித்தாள் பாருங்கள், விரல் நோவு இரண்டு நாள் போகவில்லை.

அருள்புரத்தில் சண்முகம் கார்மென்ட் வாஷிங் யூனிட் வைத்திருக்கிறார். தைத்து முடித்த பனியன் இங்கே வந்துதான் கறை போகும், வெளுக்கும், மெத்தென்று ஆகும். கீழே மெஷின்கள், மேலே வீடு. சண்முகத்துக்கு நாற்பத்தைந்து வயசிருக்கும். டெம்போ டிரைவர் சொன்னதைக் கேட்டு வாசலுக்கே ஓடிவந்து, "வாங்க வாங்க, பஸ் மாறிப் போய்ட்டீங்களாமா? போன் பண்ணீருந்தா வண்டி எடுத்துட்டு வந்திருப்பனுங்களே," என்று பதறினார். அவர் மனைவி கோமதி சந்தகை செய்து வைத்திருந்தாள். எங்கள் ஊரில் இடியாப்பம் என்போம், ஆனால் இந்த மெதுவுக்குக் கிட்டே வராது. தேங்காய்ப்பால் ஊற்றி ஊற்றிப் போட்டாள். எனக்கோ பெட்டி மேலேயே கண்.

பெட்டியைக் கூடத்தில் மணை போட்டு வைத்திருந்தார்கள். குங்குமம் வைத்து, மேலே பூச்சரம் சுற்றியிருந்தது. நல்ல மனுஷர்கள் கையில்தான் இருந்திருக்கிறது என்று நினைத்தேன். சண்முகம் மூடியைத் திறந்தார். உள்ளே ஃபிலிம் சுருள் சுருளாக, தனித்தனிப் பாலிதீன் பையில். பனியன் வாங்குகிற வெளிநாட்டுப் பையருக்கு சாம்பிள் அனுப்புவார்களே, அந்த மாதிரி பையை மடித்து டேப் ஒட்டி, மேலே ஸ்டிக்கர்கூட இருந்தது.

ஒரு பையைப் பிரித்து, ஃபிலிமை ட்யூப் லைட்டுக்கு நேரே பிடித்தேன். ஃபிலிம் வழியாக மேலே சுற்றுகிற காத்தாடி தெரிந்தது. காத்தாடியில் ஒட்டியிருந்த நூலாம்படைகூடத் தெளிவாகத் தெரிந்தது. வேறு எதுவும் இல்லை.

அடுத்த பை. அதற்கடுத்தது. கண்ணாடி மாதிரி சுத்தம்.

"படம் எங்கே?" என்றேன்.

"இதுதானுங்களே."

"சண்முகம், இதுல இருந்த படம் எங்கே?"

அவர் பெருமையோடுதான் ஆரம்பித்தார். அதைத்தான் என்னால் இன்றுவரை தாங்க முடியவில்லை. "பெட்டியத் திறந்தா ஒரே நாத்தமுங்க. கருகருன்னு, பிசுபிசுன்னு, ஒண்ணோட ஒண்ணு அப்பிட்டுக் கெடந்துது. மேல பூசணம் வேற. அத்தனை தூரத்துல இருந்து வர்றீங்க, அழுக்குச் சரக்க அப்படியே எடுத்துக் காட்டினா எங்களப் பத்தி என்னங்க நெனப்பீங்க? எங்க தொழில்லயே அது ஆகாதுங்க. ஒரு எண்ணெய்ப் பொட்டு இருந்தாக்கூடக் கழுவித்தான் பையர் கண்ணுல காட்டோணும். அதான் வெதுவெதுன்னு சோப்புத் தண்ணியில நானே கையில போட்டு அலசுனேன். மெஷின்ல போடலீங்க, பிஞ்சுருமுன்னு. அப்பறம் பிளீச்சிங், ரொம்ப லேசா. நல்ல தண்ணியில ரெண்டு அலசு. கடைசியா சாஃப்ட்னர்கூடப் போட்டனுங்க."

சாஃப்ட்னர்!

"எவ்வளவு அழுக்குங்கறீங்க. தொட்டியே கருப்பாப் போச்சு."

அந்தக் கருப்புத்தான் சூன் வாத்தியார் என்று நான் கத்தினேன். "அட பாவி மனுஷா, அந்தக் கருப்புலதான்யா படம் இருந்தது! அதைக் கழுவி ஊத்திட்டு வெறும் நாடாவைப் பொட்டலம் கட்டி வச்சிருக்கியே!" கீழே மெஷின் ஓட்டிக்கொண்டிருந்தவர்கள் படியேறி வந்து எட்டிப் பார்த்தார்கள். வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதை என்பார்கள். இங்கே தாழி உடையவில்லை, பளபளவென்று கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தார்கள்.

சண்முகத்தின் முகம் செத்துப்போனது. "படமெல்லாம் எப்பவோ அழிஞ்சு போயிருக்குமுன்னு நெனச்சனுங்க. ஞாபகத்துக்கு ஃபிலிமத்தான் கேக்கறீங்கன்னு..." என்றவர் பாதியில் நின்றுவிட்டார். யாரோ அடித்த மாதிரி சுவரோடு ஒண்டி உட்கார்ந்தார்.

கோமதி மெதுவாக வாயைத் திறந்தாள். "அக்கா, ஒரு மூஞ்சி தெரிஞ்சுதுங்க. ஒரு சுத்தோட உள்பக்கம், ஓரத்துல. ஏனுங்க, ஆரோ இருக்கறாப்பல இருக்குது பாருங்கன்னு நான் சொன்னனுங்க. கறைன்னுட்டாரு."

"என்ன முகம்? ஆம்பிளையா பொம்பளையா? யோசிச்சுச் சொல்லும்மா."

"பாதிதானுங்க தெரிஞ்சுது. ஒரு கண்ணு. என்னையவே பாக்கறாப்பல இருந்துது," என்று சொல்லிவிட்டு அவள் அழுதாள்.

சாப்பிட மாட்டேன் என்றேன். விடவில்லை. அரிசிம்பருப்புச் சாதத்தில் நெய் ஊற்றிக் கையில் கொடுத்தார்கள். பசி ருசி அறியாது என்பார்கள். எனக்கு ருசியும் தெரிந்தது, அதுதான் இன்னும் ஆத்திரம். சண்முகம் சாப்பிடவில்லை.

சாயங்காலம் டவுனுக்குத் திரும்பி, நொய்யல் ஆற்றுப் பாலத்தில் கொஞ்ச நேரம் நின்றேன். எங்கள் ஊரில் பாலத்தில் நின்றால் கடல் காற்று வரும். இங்கே கீழே கருப்பாக ஒரு ஓட்டம், அதில் நுரை. பக்கத்தில் ஒருவர் வேர்க்கடலை கொறித்துக்கொண்டு நிம்மதியாக அதைப் பார்த்தபடி நின்றார். வாத்தியார் எந்தக் குழாயில் போனாரோ, எந்தத் தொட்டியில் கிடக்கிறாரோ என்று நினைத்தேன். லாரியில் போனவருக்கும் சமாதி இல்லை, தொட்டியில் போனவருக்கும் இல்லை.

அப்போதுதான் அக்கா போன் பண்ணினாள்.

"பெட்டி கிடைச்சுதா?"

"கிடைச்சுதுக்கா."

"உள்ளே ஃபிலிம் இருக்கா?"

"இருக்குக்கா."

"சாப்பிட்டியா?" என்றாள். அதற்கு மேல் எதுவும் கேட்கவில்லை. ஆசையை வாய்விட்டுக் கேட்டால் கெட்டுவிடும் என்று பயப்படுகிறவள் அவள். நான் போனை வைத்துவிட்டுப் பாலத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். வேர்க்கடலைக்காரர் எனக்குக் கொஞ்சம் கடலை கொடுத்தார்.

மறுநாள் நான் போனபோது, சண்முகத்தின் அம்மா பாப்பாத்தியம்மா உடுமலைப்பேட்டையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தார். வாத்தியாருக்கு மெஷின் ஓட்டிய பழனிச்சாமியின் மகள் இவர்தான். மூத்த மகள் வீட்டில் போய்த் தங்கியிருந்த நேரம் பார்த்துத்தான் இந்த வெளுப்பு நடந்திருக்கிறது. காலில் செருப்போடு நடுக்கூடத்தில் நின்று மகனைக் காய்ச்சிக்கொண்டிருந்தார். "அட வெளங்காதவனே! எங்கய்யன் கண்ணுல ஒத்தி வச்சிருந்தத வெளுத்துப் போட்டியாடா! உன்ர பனியனாடா அது? எனக்கொரு போன் போட்டுக் கேக்க உனக்குக் கை இல்லாமப் போச்சா?" அவ்வளவு பெரிய ஆள், தலையைக் குனிந்துகொண்டு நின்றார்.

என்னைப் பார்த்ததும் அம்மாள் அடங்கி, "மன்னிச்சுப் போடுங்க," என்று கையைப் பிடித்தார். பிறகு கீழே உட்கார்ந்து, முதல் பையைப் பிரித்து, அந்த வெறும் ஃபிலிமை இரண்டு விரலுக்கு நடுவே விட்டு முழம் முழமாக இழுக்க ஆரம்பித்தார். பூக்கட்டுகிறவர்கள் நாரைத் தடவுவது போல இருந்தது. ஓரிடத்தில் விரல் நின்றது.

"இங்க பாருங்க, ஒட்டு. அந்து போனதுக்கெல்லாம் எங்கய்யன் ஒட்டுப் போட்டு வெச்சுது. ஒவ்வொரு ஒட்டும் எனக்குத் தெரியுமுங்க. சின்னப் புள்ளையா இருக்கீல ஊட்டுச் சுவத்துல வெள்ளையடிச்சு, பல்பு வெச்சு, கையிலயே ஓட்டிக் காட்டும். எத்தன வாட்டி பாத்திருப்பேன்! இந்த ஒட்டுக்கிட்டத்தான் கெழவி வருவா."

தடவிப் பார்த்தேன். உண்மைதான். படம் போயிருந்தாலும் ஒட்டு போகவில்லை. நகத்துக்குத் தட்டுப்படுகிற மாதிரி ஒரு மேடு.

அன்று முழுக்க அந்த அம்மாள் படத்தை எனக்கு ஓட்டிக் காட்டினார். வேறு எப்படிச் சொல்ல? ஒவ்வொரு ஒட்டாக நிறுத்தி, அவர் அப்பா தமிழில் சொன்ன கதையை அப்படியே சொன்னார். ஒரு கிழவி. அவளுக்கு ஒரே மகன். அடகுக்கடைக்காரன் ஒருவன் அவன் மேல் திருட்டுப் பழி போடுகிறான். கோயில் வாசல் பிச்சைக்காரனுக்கு உண்மை தெரியும், ஆனால் அவன் ஊமை. மகன் வீட்டுக்குள் ஒளிந்துகொள்கிறான். போலீஸ்காரன் வந்து கதவைத் தட்டுகிறான். கிழவி எவ்வளவோ மறைத்துப் பார்க்கிறாள், முடியவில்லை. மகனை முன்னால் நடக்கவிட்டுக் கூட்டிக்கொண்டு போய்விடுகிறான்.

"அஞ்சு பேரும் ஒரே ஆளுங்க. அந்த வாத்தியாருதான்."

"ஒரே ஆளா? கிழவியும் மகனும் ஒண்ணா வரும்போது?"

"அதுலயும் அவரேதானுங்க. கேமராவப் பாதி மூடிக்கிட்டு இந்தப் பக்கம் ஒருக்கா, மறுபடி ஃபிலிமப் பின்னால சுத்தி அந்தப் பக்கம் ஒருக்கா எடுத்தாராமா. அதனால அம்மாளும் மகனும் ஒருத்தர ஒருத்தர் தொடவே மாட்டாங்க. கையை நீட்டுவாங்க, நின்னுரும். நடுவுல கண்ணுக்குத் தெரியாம ஒரு கோடு இருக்குது கண்ணு, அதத் தாண்டுனா கையே மறைஞ்சு போயிருமுன்னு எங்கய்யன் சொல்லும். எனக்கு அத நெனச்சாலே பயமா இருக்கும்."

நான் வந்த காரியத்தைக் கேட்டேன். "வேஷம் இல்லாம, அவர் சொந்த முகம் எந்த இடத்துல வருதும்மா?"

பாப்பாத்தியம்மாள் என்னைப் பார்த்தார். "அது வாரதே இல்லீங்களே. அஞ்சு வேசம், அஞ்சும் அஞ்சு மூஞ்சி. எங்கய்யன் சொல்லாட்டி எல்லாம் ஒரே ஆளுன்னு எனக்கே தெரிஞ்சிருக்காதுங்க."

ஆக, இந்த மனுஷர் வெளுக்காமல் வைத்திருந்தாலும் அக்காவுக்கு அவள் அப்பா கிடைத்திருக்க மாட்டார். ஐந்து அந்நியர்கள்தான் கிடைத்திருப்பார்கள். இதைக் கேட்டு எனக்குக் கொஞ்சம் ஆறுதல் வந்திருக்க வேண்டும். ஆத்திரம்தான் வந்தது. ஐந்து அந்நியர்களில் ஒருவருடைய காதாவது, ஒருவருடைய சிரிப்பாவது அவருடையதாக இருந்திருக்குமே!

கிளம்பும்போது சண்முகம் தயங்கித் தயங்கிப் படியோரம் வந்தார். ஒரே நாளில் ஆள் உடைந்துபோயிருந்தார். "தப்பா நெனக்காதீங்க. அந்தம்மாளுக்குத்தான் கண்ணு சரியாத் தெரியாதுன்னீங்களே. ஒண்ணும் சொல்லாம அப்படியே கையில குடுத்துருங்களேன். படம் இருக்குதுன்னே நெனச்சுக்கட்டும்."

"செத்தவரை வெளுத்தது போதாதா? உயிரோட இருக்கிறவளை ஏமாத்த வேற சொல்றீங்களா?" என்று எரிந்து விழுந்தேன். அவர் கும்பிட்டார். அந்தக் கும்பிடு என்னைக் கோயம்புத்தூர் வரைக்கும் விடவில்லை. கெட்ட எண்ணம் துளி இல்லாத மனுஷர். வந்தவளுக்குத் தன் வீட்டின் மிகச் சுத்தமான பொருளைக் கொடுக்க நினைத்தார், அவ்வளவுதான். சுத்தம் சோறு போடும் என்று நாமும்தானே பிள்ளைகளுக்குச் சொல்கிறோம்.

விமான நிலையத்தில் ஒரு பையன் பெட்டியைத் திறந்து, "இது என்ன மேடம்?" என்றான். "நாடா," என்றேன். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "ஒண்ணுமில்லை, போங்க," என்று விட்டுவிட்டான்.

சியூ லான் அக்கா ஜன்னலோரம் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள். சீனப் புதுவருஷத்துக்குப் போடுகிற சிவப்புச் சட்டை, படிய வாரிய தலை. அப்பாவைப் பார்க்கப் போகிறவள் இல்லையா?

உண்மையைச் சொல்லத்தான் போனேன், சத்தியமாக. வார்டில் எத்தனை குடும்பத்துக்குக் கெட்ட செய்தி சொன்னவள் நான். அதற்கென்று ஒரு குரல் வைத்திருக்கிறேன். அன்று அந்தக் குரல் வரவில்லை.

"குடு," என்றாள். ஃபிலிமின் நுனியைக் கையில் வைத்தேன். ஜன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்தாள். கண்ணுக்குக் கிட்டே கொண்டுவந்தாள், தள்ளிப் பிடித்தாள், புரட்டிப் பார்த்தாள்.

"எல்லாம் வெள்ளையா இருக்கு," என்றாள். ஃபிலிமைக் கீழே இறக்கி, "என் கண்ணு முழுக்கப் போயிருச்சு, மரகதம்," என்றாள்.

"ஆமாக்கா," என்றேன். என்னை அறியாமல் வந்த பொய் அது.

"அப்ப நீ பார்த்துச் சொல்லு."

அவள் காலடியில் உட்கார்ந்து ஃபிலிமை இழுத்தேன். முதல் ஒட்டு தட்டுப்பட்டது. கிழவி வருகிறாள் என்றேன். அடுத்த ஒட்டில் மகன். இருவரும் கையை நீட்டுகிறார்கள் என்றேன். அடகுக்கடைக்காரன், ஊமைப் பிச்சைக்காரன், எல்லோரையும் சொன்னேன். போலீஸ்காரன் கதவைத் தட்டுகிற இடம் வந்தது.

"இரு," என்றாள் அக்கா. "இதுல வேஷம் போடாத அப்பா எங்கே இருக்காரு?"

ஃபிலிமைத் தூக்கிப் பிடித்தேன். அதன் வழியாக அவள் முகம் தெரிந்தது. "இதோ இருக்காருக்கா," என்றேன். கண்ணெதிரே தெரிந்ததைச் சொன்னேன். அகல நெற்றி. இடது புருவம் கொஞ்சம் ஏறினாப்போல. சின்ன மூக்கு, நுனி உருண்டை.

அவள் கையைத் தூக்கித் தன் மூக்கைத் தொட்டுப் பார்த்தாள்.

"இது அம்மா மூக்கு," என்றாள். "அம்மா, சித்தி, எல்லாருக்கும் இதே மூக்குதான்."

அவள் ஃபிலிமை முகத்தருகே கொண்டுபோய் முகர்ந்தாள். ஆயுசு முழுக்கக் காபிக் கடையில் கோப்பை கழுவியவளுக்குத் தெரியாத வாசனையா அது?

"பிளீச்," என்றாள்.

கத்துவாள், அழுவாள் என்று காத்திருந்தேன். அவள் ஃபிலிமை மடியில் வைத்துக்கொண்டாள். விரல் நுனியால் தடவிக்கொண்டே வந்து, அந்த ஒட்டு இருந்த இடத்தைத் தானே கண்டுபிடித்தாள்.

"போலீஸ்காரன் கதவைத் தட்டினானே," என்றாள். "அடுப்படியில கிழவி இருந்தாளா? சொல்லு."

"இருந்தாக்கா," என்றேன். "வெங்காயம் உரிச்சுக்கிட்டு இருந்தா. அவன் திரும்பிக்கூடப் பார்க்கலே. போயிட்டான்."